களிமண் மனிதனும் மறைந்துபோன வாத்தியாரும்: யூத ரப்பிகளைச் சுற்றிக் கதைகள் வளரும் விதம்

"உலகின் முதல் ரோபோவைச் செய்தவர் ஒரு யூத மதகுரு" என்று தொடங்கும் வீடியோக்களை நீங்கள் பார்த்திருக்கலாம். 1580ஆம் ஆண்டு, பிராக் நகரம், ஆற்றங்கரைக் களிமண், ஓதப்படும் மந்திரம், எழுந்து நிற்கும் ராட்சத உருவம். கீழே கருத்துப் பகுதியில் இரண்டு கட்சி. ஒரு கட்சி "அந்தக் காலத்திலேயே இதெல்லாம் இருந்திருக்கிறது!" என்று வாய்பிளக்கும். இன்னொரு கட்சி "எல்லாம் புருடா" என்று ஒரே வரியில் கடையைச் சாத்திவிடும்.

புருடாதான், அதில் எனக்குச் சந்தேகம் இல்லை. ஆனால் அத்தோடு நிறுத்திக்கொண்டால் சுவாரசியமான பாதி போய்விடுகிறது. அந்த ரப்பி நிஜமாகவே வாழ்ந்தவர். நூல்கள் எழுதியவர். 1609இல் இறந்தவர். அவர் இறந்து 200 ஆண்டுகளுக்கு மேல் ஆகும்வரை அவரைப் பற்றிய எந்த அச்சு நூலிலும் களிமண் மனிதன் இல்லை. அப்புறம் எப்படி வந்தான்? யாருக்கு அவன் தேவைப்பட்டான்?

இந்தக் கேள்விகளைப் பிடித்துக்கொண்டு போனால், யூத மதத் தலைவர்களின் புகழ் எப்படி உருவாகிறது என்பது ஓரளவு பிடிபடும்.

முதலில் நம் வீட்டுக் கதை

எந்த வீட்டிலும் ஒரு தாத்தா கதை இருக்கும். தாத்தா தினமும் அஞ்சு மைல் நடந்து பள்ளிக்கூடம் போனார். அப்பா சொல்லும்போது அது எட்டு மைல். பேரன் தன் பிள்ளையிடம் சொல்லும்போது பன்னிரண்டு, நடுவில் ஒரு ஆறும் சேர்ந்திருக்கும். ஆற்றை நீந்திக் கடந்தவர் உண்மையில் தாத்தாவின் தம்பி. ஆனால் தம்பியை யாருக்கும் ஞாபகமில்லை, அதனால் நீச்சலும் தாத்தா கணக்கில் வரவாகிவிட்டது.

இந்தக் கதை எப்போது வெளியே வரும் என்று கவனித்திருக்கிறீர்களா? பையன் மார்க் குறைவாக வாங்கிய அன்று. தாத்தாவின் பிறந்தநாளில் வராது. இன்னொன்று: தாத்தா முப்பது வருடம் அரிசி ஆலையில் ஒரு பைசா பிசகாமல் கணக்கு எழுதினார். அவர் வாழ்க்கையின் பெரும்பகுதி அதுதான். அதை யாரும் சொல்வதில்லை, அதில் ஆறு இல்லையே.

கதை வளர்கிறது, ஒருவர் கதை இன்னொருவருக்கு மாறுகிறது, இன்றைய தேவைக்காகச் சொல்லப்படுகிறது, சொல்லப்படாதது மறைகிறது. இந்த நான்கையும் கையில் வைத்துக்கொண்டு பிராக் போவோம்.

மூன்று சொற்கள்

ரப்பி என்றால் யூத மரபில் ஆசிரியர், மதச்சட்டம் தெரிந்தவர். எது செய்யலாம், எது கூடாது என்று தீர்ப்புச் சொல்பவர். பூசாரி என்று நினைத்துவிட வேண்டாம். அற்புதம் செய்வது அவர் வேலையே இல்லை.

கூட்டு நினைவு என்பது ஒரு சமூகம் சேர்ந்து நினைவில் வைத்திருக்கும் கடந்தகாலம். பிரெஞ்சு சமூகவியலாளர் மோரிஸ் ஹால்ப்வாக்ஸ் 1925இல் இந்தக் கருத்தை விரிவாக எழுதினார். நாம் தனியாக நினைவுகூர்வதாக நம்பினாலும், எதை நினைப்பது, எதை விடுவது என்பதைச் சுற்றியிருக்கும் குடும்பமும் மதமும் ஊரும்தான் பெரும்பாலும் முடிவு செய்கின்றன என்பது அவர் வாதம்.

தொன்மம் என்பதைப் பலர் 'பொய்' என்பதற்கு மரியாதையான பெயராகப் பயன்படுத்துகிறார்கள். இந்தக் கட்டுரையில் அதன் பொருள் வேறு: ஒரு சமூகம் தன்னைத் தனக்கே விளக்கிக்கொள்ளச் சொல்லும் கதை. அது நடந்ததாகவும் இருக்கலாம், நடக்காததாகவும் இருக்கலாம்.

ஆவணங்களில் இருக்கும் ரப்பி லோவ்

அவர் பெயர் யெஹூதா லோவ் பென் பெசலேல். 'மகரால்' என்று அழைப்பார்கள். 'எங்கள் ஆசான் ரப்பி லோவ்' என்ற எபிரேயத் தொடரின் முதலெழுத்துகளைச் சேர்த்து உண்டான பெயர் அது. இன்றைய செக் நாட்டின் கிழக்குப் பகுதியான மொராவியாவில் சுமார் 20 ஆண்டுகள் தலைமை ரப்பியாக இருந்தார். 1573இல் பிராக் வந்தார். 1584இல் அங்கே தலைமைப் பதவி அவருக்குக் கிடைக்கவில்லை, வேறொருவரைத் தேர்ந்தெடுத்தார்கள். 1597க்குப் பிறகுதான் அந்த நாற்காலி அவருக்கு வந்தது. அதாவது, வாழ்ந்த காலத்தில் அவர் எல்லோரும் கையெடுத்துக் கும்பிட்ட மகான் இல்லை. ஊர் அரசியலில் தோற்றும் இருக்கிறார்.

ஒரே ஒரு சம்பவம் மட்டும் கொஞ்சம் மர்மமானது. 1592இல் பேரரசர் இரண்டாம் ருடால்ஃப் அவரை அரண்மனைக்கு அழைத்துப் பேசினார். இதைப் பதிவு செய்தவர் டேவிட் கான்ஸ் என்ற வரலாற்றாசிரியர். லோவின் மாணவர், அதே ஊர்க்காரர், அதே ஆண்டில் தன் நூலை அச்சிட்டவர். அரசரும் ரப்பியும் என்ன பேசினார்கள் என்பதை மட்டும் அவர் எழுதவில்லை, அது ரகசியம் என்று விட்டுவிட்டார்.

ருடால்ஃப் சாதாரண அரசர் இல்லை. ரசவாதிகளும் சோதிடர்களும் அவர் அரண்மனையைச் சுற்றி வந்தார்கள். சில ஆண்டுகளில் வானியலாளர்கள் டைக்கோ பிராஹேவும் கெப்லரும்கூட அங்கே வந்து சேர்ந்தார்கள். அப்படிப்பட்ட அரசர், அப்படிப்பட்ட ரப்பி, கதவைச் சாத்திக்கொண்டு ஒரு பேச்சு. இதைவிடப் பெரிய காலியிடத்தைக் கதைசொல்லிகளுக்கு யார் கொடுக்க முடியும்?

அந்தக் களிமண் மனிதனுக்குக் கோலெம் என்று பெயர். அவனைப் பற்றி கான்ஸ் ஒரு வார்த்தை எழுதவில்லை. தன் ஊரில், தன் ஆசான் வீட்டில் எட்டடிக் களிமண் ஆள் நடமாடியிருந்தால், அரசரைப் பார்த்துவிட்டு வந்ததை எழுதியவர் அதை விட்டிருப்பாரா?

கோலெம் ஊர் மாறி வந்தவன்

கோலெம் என்ற எபிரேயச் சொல் விவிலியத்தின் 139ஆம் சங்கீதத்திலேயே இருக்கிறது. அங்கே அதன் பொருள் 'இன்னும் உருவம் பெறாதது'. யூதச் சட்டமும் விவாதங்களும் அடங்கிய தல்மூத் என்ற பெருந்தொகுப்பில், ராவா என்ற ரப்பி ஒரு மனிதனைப் படைத்து ஸெய்ரா என்ற இன்னொரு ரப்பியிடம் அனுப்பிய குறுங்கதை வருகிறது. ஸெய்ரா பேசிப் பார்க்கிறார், பதில் இல்லை. "உன் மண்ணுக்கே திரும்பிப் போ" என்கிறார். கதை அவ்வளவுதான்.

ரப்பி ஒருவர் பெயரோடு களிமண் ஆள் பலமாக ஒட்டிக்கொண்டது முதலில் பிராக்கில் நடக்கவில்லை, போலந்தின் ஹெல்ம் என்ற ஊரில் நடந்தது. அந்த ஊர் ரப்பி எலியாஹு 1583இல் இறந்தவர். அவர் செய்த கோலெம் நாளுக்கு நாள் வளர்ந்துகொண்டே போனதாம். அதன் நெற்றியில் 'எமெத்', அதாவது 'உண்மை' என்று எழுதியிருந்தது. முதல் எழுத்தை அழித்தால் மிஞ்சுவது 'மெத்', 'இறந்தது'. நெற்றி எட்டாத உயரம் போய்விட்டதால், "என் பூட்ஸைக் கழற்று" என்று ரப்பி சொல்ல, அது குனிந்தபோது எழுத்தை அழித்துவிட்டார். களிமண் முழுக்க அவர் மேலேயே சரிந்து அவரை நசுக்கியது. 1674இல் ஒரு கிறிஸ்தவ அறிஞரின் கடிதம் வழியாக இந்தக் கதை அச்சேறியது. எனக்குப் பிடித்த செய்தி ஒன்று: இந்த எலியாஹுவின் வம்சத்தில் வந்த ஒரு ரப்பி, கூட்டுப் பிரார்த்தனைக்குத் தேவையான பத்துப் பேரில் ஒருவராகக் கோலெமை எண்ணலாமா என்று சட்டக் கேள்வியாகவே ஆராய்ந்து எழுதினார். எண்ணக் கூடாது என்பது அவர் முடிவு.

அப்புறம் கதை மேற்கே பயணப்பட்டது. 1830களில் ஜெர்மன் மொழி நூல்களில் கோலெமின் எஜமானர் ரப்பி லோவ் ஆகிவிட்டார். ஹெல்ம் சின்ன ஊர், பிராக் தலைநகரம். எலியாஹுவை அறிந்தவர்கள் குறைவு. லோவுக்குச் சிங்கம் செதுக்கிய கல்லறையும் அரசரோடு நடந்த ரகசியப் பேச்சும் இருந்தன. வாட்ஸ்அப்பில் யாரோ எழுதிய பொன்மொழி எல்லாம் கடைசியில் அப்துல் கலாம் படத்துக்குக் கீழே போய் உட்காருவதைப் பார்க்கிறோம் அல்லவா, அதே விசைதான். பெரிய பெயர் சின்னப் பெயரின் கதையை இழுத்துக்கொள்கிறது.

இந்தக் கட்டத்தில் கோலெம் ஒரு வேலைக்காரன். வீட்டு வேலை செய்வான். அவன் வாயில் இறைவனின் பெயர் எழுதிய சீட்டு இருக்கும். வெள்ளி மாலை, ஓய்வுநாள் தொடங்குமுன் அதை எடுத்துவிட வேண்டும். ஒருநாள் ரப்பி மறந்துபோகிறார், அவன் வெறிபிடித்து எல்லாவற்றையும் உடைக்கிறான். எஜமானரின் மறதியைப் பற்றிய ஒரு குறும்புக் கதை. இதில் எதிரிகள் யாரும் இல்லை என்பதைக் குறித்துக்கொள்ளுங்கள்.

1909: வேலைக்காரன் காவல்காரன் ஆனது

இன்று நமக்குத் தெரிந்த கோலெம் யூதர்களைக் காப்பாற்றுபவன். அந்த வேடத்தை அவனுக்கு முழுமையாகப் போட்டுவிட்டவர் போலந்து ரப்பி யூடெல் ரோசன்பெர்க். 1909இல் மகராலின் அற்புதங்கள் பற்றி ஒரு நூல் வெளியிட்டார். தான் எழுதியதாகச் சொல்லவில்லை. லோவின் மருமகன் எழுதிய பழைய கையெழுத்துப் பிரதி மெட்ஸ் நகர நூலகத்திலிருந்து கிடைத்தது என்றார். அப்படி ஒரு பிரதியை இன்றுவரை யாரும் கண்டதில்லை. 1580 என்ற ஆண்டும், யோசேஃப் என்ற பெயரும், இரவில் தெருக்களில் ரோந்து சுற்றுவதும் பரவியது இந்த நூல் வழியாகத்தான்.

இதை மோசடி என்று ஒதுக்குமுன் அந்த ஆண்டைச் சுற்றி என்ன நடந்தது என்று பார்க்க வேண்டும். கிறிஸ்தவக் குழந்தைகளைக் கொன்று அந்த ரத்தத்தை யூதர்கள் சடங்குக்குப் பயன்படுத்துகிறார்கள் என்ற கொடிய பொய் ஒன்று ஐரோப்பாவில் நூற்றாண்டுகளாக உலவியது. ரத்தப் பழி என்பார்கள். இடைக்காலத்தோடு அது ஒழிந்துவிடவில்லை. 1882இல் ஹங்கேரியின் திசாஎஸ்லாரில் யூதர்கள் மீது இதே பழி விழுந்தது, மறுவருடம் விடுதலையானார்கள். 1899இல் பொஹீமியாவின் போல்னாவில் லியோபோல்ட் ஹில்ஸ்னர் தண்டிக்கப்பட்டு, 1918 வரை சிறையில் இருந்தார். ரோசன்பெர்க்கின் நூல் வந்த இரண்டாம் ஆண்டில் கீவ் நகரில் மெண்டெல் பெய்லிஸ் கைதாகி, 1913இல்தான் வெளியே வந்தார்.

ரோசன்பெர்க்கின் கோலெம் செய்யும் முக்கிய வேலை என்ன? யூதர் வீட்டில் பிணத்தை ஒளித்துவைத்துப் பழிபோட வருகிறவனைக் கையும் களவுமாகப் பிடிப்பது. நீதிமன்றமும் போலீஸும் நம் பக்கம் இல்லை என்று உணர்ந்த ஒரு சமூகம், களிமண்ணில் ஒரு போலீஸ்காரனைச் செய்துகொண்டது. கதை நடக்கும் ஆண்டு 1580. கதையில் இருக்கும் பயம் 1909இன் பயம்.

(ரோசன்பெர்க் பிறகு கனடாவில் குடியேறினார். நாவலாசிரியர் மொர்டெகாய் ரிக்லர் அவருடைய மகள்வழிப் பேரன். கதைகட்டும் கை குடும்பத்திலேயே இருந்திருக்கிறது.)

இதுவரை பார்த்தது: லோவின் காலத்து ஆவணங்களில் கோலெம் இல்லை. வேறொரு ரப்பியின் கதை, காலியிடம் இருந்த பெரிய பெயரோடு வந்து ஒட்டியது. பிறகு புதிய பயம் வந்தபோது அதே கதைக்குப் புதிய வேலை கொடுக்கப்பட்டது. அதனால் ஒரு ரப்பியைப் பற்றிய கதை காதில் விழுந்தால், 'நடந்ததா?' என்பதற்கு முன்னால் 'இது முதலில் எந்த ஆண்டில் சொல்லப்பட்டது?' என்று கேட்டுப் பாருங்கள்.

கதைக்கு ஒரு ஆணி வேண்டும்

காற்றில் மிதக்கும் கதை சீக்கிரம் கலைந்துவிடும். சுவரில் ஆணி அடித்து மாட்டினால் நிற்கும். பிராக்கில் அந்த ஆணி, 13ஆம் நூற்றாண்டில் கட்டிய பழைய-புதிய ஜெபக்கூடத்தின் பரண். உடைந்த கோலெம் அங்கேதான் கிடக்கிறான் என்பார்கள். வெளிச்சுவரில் பரணுக்குப் போகும் இரும்புப் படிகள் தெரியும், உள்ளே போக பொதுமக்களுக்கு அனுமதி இல்லை. மூடிய கதவு எப்போதும் கதையின் கட்சி.

ஜெர்மனியின் வோர்ம்ஸ் நகரம் இன்னும் வேடிக்கை. அங்கே ஜெபக்கூடத்தை ஒட்டிய சந்தில் சுவர் ஓரிடத்தில் உள்வாங்கியிருக்கும். கர்ப்பிணி ஒருத்தி வண்டியில் நசுங்க இருந்தபோது சுவரே குழைந்து இடம் கொடுத்ததாம். யார் அந்தத் தாய்? ஒரு வடிவத்தில் மாபெரும் உரையாசிரியர் ராஷியின் அம்மா. இன்னொரு வடிவத்தில் யெஹூதா பக்திமான் என்ற வேறொரு ரப்பியின் அம்மா. குழி ஒன்றே ஒன்று, தாய்மார் இரண்டு பேர்! கல்லில் குழி இருந்தது, அதற்குக் காரணம் தேவைப்பட்டது, அவ்வளவுதான். அங்கே ராஷி பெயரில் ஒரு கூடமும் அதில் ஒரு கல் இருக்கையும் காட்டுகிறார்கள். கூடம் கட்டிய ஆண்டு 1624. ராஷி இறந்தது 1105இல்.

ஆவணம் கதையைத் திருத்தும்போது

ஹசிதியம் என்பது 18ஆம் நூற்றாண்டில் கிழக்கு ஐரோப்பாவில் எழுந்த யூத பக்தி இயக்கம். அதன் மூலவராகக் கருதப்படுபவர் இஸ்ராயேல் பென் எலியேசர், அதாவது பால் ஷெம் தோவ். இன்றைய உக்ரைனில் இருக்கும் மெட்ஜிபிஜ் என்ற ஊரில் வாழ்ந்து 1760இல் இறந்தவர். அவரைப் பற்றிய முதல் கதைத்தொகுப்பு அச்சானது 1814இல். அவர் போய் அரை நூற்றாண்டு கழிந்த பிறகு.

பின்னாளில் பரவிய சித்திரம் இப்படி: ஏழை எளியவர்களின் மனிதர், படித்த பெரிய மனிதர்களை எதிர்த்து நின்ற கலகக்காரர். ஆனால் அந்த ஊர் ஒரு போலந்துப் பிரபுக் குடும்பத்தின் சொத்து. அவர்கள் வரிக்கணக்குகளைப் பத்திரமாக வைத்திருந்தார்கள். 20ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் ஆய்வாளர்கள் அதைப் புரட்டியபோது, அந்தப் பட்டியல்களிலேயே அவர் இருந்தார். யூத சமூகத்துக்குச் சொந்தமான வீட்டில், வரி விலக்கோடு குடியிருந்திருக்கிறார். 'கபாலிஸ்ட்' (யூத மறைஞானி), 'மருத்துவர்' என்றெல்லாம் குறித்திருக்கிறார்கள். ஊரே வெறுத்த கலகக்காரருக்கு ஊர்ச்செலவில் வீடு கொடுப்பார்களா?

அப்படியானால் கலகக்காரர் சித்திரம் எங்கிருந்து வந்தது? ஹசிதியர்கள் மீது பெரிய எதிர்ப்பு வெடித்தது 1772இல், வில்னா நகரில். அவர் இறந்து 12 ஆண்டுகள் கழித்து. பிற்காலச் சீடர்கள் பட்ட அடியின் தழும்பை மூலவரின் முதுகிலும் வரைந்துவிட்டார்கள் என்று நினைக்கத் தோன்றுகிறது.

ஹசிதியர்களே இதை அறியாதவர்கள் இல்லை. அவர்களிடம் ஒரு பழமொழி உண்டு: பால் ஷெம் தோவ் கதைகளை எல்லாம் நம்புகிறவன் முட்டாள், அவை நடந்திருக்கவே முடியாது என்கிறவன் நாத்திகன். இதை முதலில் சொன்னவர் யார் என்று கேட்டால் ஆளுக்கொரு ரப்பியின் பெயரைச் சொல்வார்கள்!

மறதி செய்யும் வேலை

கதை சேர்ப்பதைத்தான் எல்லோரும் கவனிக்கிறார்கள். கதை எதைத் துடைத்துவிடுகிறது என்பது எனக்கு அதைவிட முக்கியமாகப் படுகிறது.

நிஜ ரப்பி லோவ் வாழ்நாள் முழுக்கச் சண்டை போட்டது குழந்தைகளுக்காக. அன்றைய பள்ளிகளில் சின்னப் பிள்ளைகளைத் தல்மூத்தின் கடினமான விவாதங்களில் தள்ளிவிடுவார்கள். வாதத்திறமையைக் காட்டும் தலைமுடி பிளக்கும் தர்க்கத்துக்குத்தான் மதிப்பு. லோவ் இதைக் கடுமையாக எதிர்த்தார். முதலில் விவிலியம், பிறகு மிஷ்னா என்ற அடிப்படைச் சட்டத்தொகுப்பு, வயது வந்தபின் தல்மூத், வயதுக்கேற்ற சுமை போதும் என்றார். இன்னொரு நூலில், மாற்றுக் கருத்துக்காரரின் வாயை அடைக்காதே, அவரைப் பேசவிட்டுப் பிறகு பதில் சொல், எதிராளியைப் பேசவிடாமல் வெல்வது பலவீனத்தின் அடையாளம் என்ற பொருளில் எழுதினார். 16ஆம் நூற்றாண்டில்!

பாடத்திட்டத்துக்காகப் போராடிய இந்த வாத்தியாரை வெளியுலகில் எத்தனை பேருக்குத் தெரியும்? 1965இல் இஸ்ரேலின் வைஸ்மன் நிறுவனம் தன் புதிய கணினிக்கு 'கோலெம்' என்று பெயர் வைத்தது. களிமண் பொம்மை கணினி யுகத்துக்குள்ளும் நுழைந்துவிட்டது. வாத்தியார் இன்னும் நூலக அலமாரியில், யெஷிவா என்ற வேதப் பள்ளிகளில் படிப்பவர்களிடம் மட்டும்.

ஆவணம் குறைவாக இருப்பதால்தான் இப்படி ஆகிறது என்று நினைக்கலாம். மைமோனிடிஸைப் பாருங்கள். கோர்டோபாவில் பிறந்து 1204இல் எகிப்தின் ஃபுஸ்தாத்தில் இறந்த தத்துவவாதி, சட்ட அறிஞர், மருத்துவர். அவர் கைப்பட எழுதிய தாள்களே நம்மிடம் இருக்கின்றன. 1199இல் எழுதிய ஒரு கடிதத்தில் தன் அன்றாடத்தை விவரிக்கிறார்: காலையில் கெய்ரோ அரண்மனைக்குப் போய், பசியோடு வீடு திரும்பினால் வாசலில் நோயாளிகள் கூட்டம்; இரவில் களைத்துப்போய்ப் படுத்துக்கொண்டே மருந்து சொல்கிறார். இதைவிடத் தெளிவான சித்திரம் வேண்டுமா? தாயத்து எழுதுகிறவர்களை அவர் தன் நூலில் ஏளனம் செய்திருக்கிறார். ஆனாலும் கெய்ரோவில் அவர் பெயரில் உள்ள ஜெபக்கூடத்தில், ஒரு ராத்திரி படுத்தெழுந்தால் குணமாகும் என்று நோயாளிகள் வந்து தங்கும் வழக்கம் உண்டானது. அலைந்து அலைந்து வைத்தியம் பார்த்த மனிதரின் பெயரே மருந்தாகிவிட்டது. அவர் இதைப் பார்த்திருந்தால் நிச்சயம் ஒரு காட்டமான கடிதம் எழுதியிருப்பார்.

ஆக, ஆவணம் இருப்பது மட்டும் கதையைத் தடுத்துவிடாது. தாளைப் படிப்பவர்கள் கொஞ்சம் பேர். நோயோடு வருகிறவர்கள் நிறையப் பேர்.

கேமரா வந்த பிறகு?

ஹசிதியக் குழுவின் தலைவரை ரெப்பே என்பார்கள். நியூயார்க்கில் 1951 முதல் சபாத் என்ற ஹசிதிய இயக்கத்தை நடத்திய ரெப்பே மெனாகெம் மெண்டெல் ஷ்னேர்சன் 1994இல் இறந்தார். அவருடைய பேச்சுகள் ஒலிநாடாவிலும் வீடியோவிலும் ஏராளமாக இருக்கின்றன. எந்த நாளில் என்ன சொன்னார் என்று தேடி எடுக்கலாம். காலியிடமே இல்லை என்று தோன்றும்.

ஆனாலும் அவருக்குப் பின் அடுத்த ரெப்பே யாரையும் நியமிக்கவில்லை. அவர் கல்லறைக்கு இன்றும் உலகெங்கிலுமிருந்து வேண்டுதல் கடிதங்கள் வருகின்றன. அவரே மெசியா, அதாவது வரப்போகும் மீட்பர் என்று சீடர்களில் ஒரு பகுதியினர் நம்புகிறார்கள். அதே இயக்கத்தில் இருக்கும் மற்றவர்கள் அதை மறுக்கிறார்கள். இரு தரப்பும் பார்ப்பது அதே வீடியோக்களைத்தான்.

இதெல்லாம் எங்கே போய் முடியும் என்று இப்போதே கேட்பது அவசரம். ஷ்னேர்சன் இறந்து முப்பது ஆண்டுகள் சொச்சம்தான் ஆகிறது. ரப்பி லோவ் இறந்து முப்பது ஆண்டுகள் ஆனபோது, ஹெல்ம் ஊர்க் களிமண் ஆள் அச்சிலேயே ஏறியிருக்கவில்லை.